ஐம்பூதங்கள் சோதித்த ஏடு!

சீர்காழி சட்டைநாதர் கோயில். 2023-ம் வருடம், ஏப்ரல் மாதம். மகா கும்பாபிஷேகத்துக்கான திருப்பணிகள் மும்முரமாக நடந்துகொண்டிருந்தன. யாகசாலை அமைப்பதற்காக மேற்கு கோபுரத்துக்கு அருகில் பள்ளம் தோண்டினார்கள். சில அடி ஆழத்திலேயே மண்வெட்டியில் ஏதோ தட்டுப்பட்டது. மண்ணை விலக்கிப் பார்த்தவர்கள் சிலிர்த்துப் போனார்கள்!

உள்ளே இருபதுக்கும் மேற்பட்ட ஐம்பொன் திருமேனிகள். அவற்றோடு நானூற்றுக்கும் மேற்பட்ட செப்பேடுகள். துடைத்துப் பார்த்தால்... அத்தனையும் தேவாரப் பதிகங்கள்!

ஞானசம்பந்தப் பெருமான் அவதரித்த ஊர் அது. பிரம்ம தீர்த்தக் கரையில் அம்பிகை ஊட்டிய ஞானப்பால் குடித்து, மூன்று வயதில் அந்தக் குழந்தை முதல் பதிகம் பாடிய அதே கோயில். அங்கேயே பூமிக்கு அடியில் அவருடைய தமிழ் காத்திருந்தது.

யார் இவற்றைப் புதைத்தார்கள்? ஒருவர் இருவரால் ஆகிற காரியமா இது? திருமேனிகளைப் பீடத்திலிருந்து எடுத்து, நூற்றுக்கணக்கான செப்பேடுகளை அடுக்கி, இடம் பார்த்து, பள்ளம் வெட்டி, மேலே மண் மூடி, வாய் திறக்காமல் இருந்து... அதற்கு ஒரு கூட்டமே வேண்டும். அந்தக் கூட்டம் தன் பெயரை எங்கும் எழுதி வைக்கவில்லை.

நம் சமயத்தில் தெய்வ எழுத்தை மறைத்துக் காத்த இப்படிப்பட்ட அன்பர்களுக்கு நீண்ட வரலாறு உண்டு. திருமுறை ஏடுகள் நம் கைக்கு வந்து சேர்ந்த கதையைப் படித்தால், நெருப்பு, நீர், மண், ஆகாயம், காற்று ஆகிய ஐம்பூதங்களும் அந்த ஏட்டைச் சோதித்திருப்பது தெரியும். ஒவ்வொன்றாகப் பார்ப்போம்.

நெருப்பு: பச்சைப் பதிகம்

மதுரையில் பாண்டிய மன்னருக்கு வெப்பு நோய். அரசியார் மங்கையர்க்கரசியும் அமைச்சர் குலச்சிறையாரும் அழைக்க, ஞானசம்பந்தர் வந்தார். திருநீற்றுப் பதிகம் பாடி, மந்திரித்த திருநீற்றைப் பூசினார். நோய் தணிந்தது. ஆனாலும் வாதம் முடியவில்லை. 'எங்கள் கொள்கையை எழுதிய ஏட்டையும் உங்கள் ஏட்டையும் தீயில் இடுவோம். எது வேகாமல் இருக்கிறதோ, அதுவே மெய்' என்றார்கள் எதிர் வாதம் செய்தவர்கள். இதைத்தான் 'அனல் வாதம்' என்பார்கள்.

சம்பந்தப் பெருமான் என்ன செய்தார் தெரியுமா? புதிதாக ஏடு எழுதி நெருப்பில் போடவில்லை. தாம் அதுவரை பாடிய பதிகங்கள் அடங்கிய சுவடிக் கட்டைத் தலைமேல் வைத்து வணங்கினார். கட்டிய கயிற்றை நீக்கி, சுவடியைப் பிரித்தார். கைக்கு வந்தது திருநள்ளாற்றுப் பதிகம். 'இறைவன் இதையே தேர்ந்தெடுத்தான்' என்று அந்த ஏட்டை எடுத்துத் தீயில் இட்டார். எதிர் வாதம் செய்தவர்களின் ஏடு கருகிச் சாம்பலானது. பதிகம் எழுதிய ஏடோ, வாடாமல் பச்சைப் பசேல் என்று இருந்தது! திருநள்ளாற்றுப் பதிகத்துக்குப் 'பச்சைப் பதிகம்' என்று பெயர் வந்தது இப்படித்தான். இன்றைக்கும் சனி தோஷத்துக்கு அஞ்சுபவர்கள் திருநள்ளாறு சென்று இந்தப் பதிகத்தைப் பாராயணம் செய்கிறார்கள்.

அன்று பெருமான் சுவடியைப் பிரித்துப் பார்த்ததிலிருந்து ஒரு வழக்கம் உண்டானது. 'திருமுறையில் கயிறு சாத்திப் பார்த்தல்' என்பார்கள். மனதில் பெரிய குழப்பம் இருக்கிறது. முடிவு எடுக்க முடியவில்லை. அப்போது திருமுறைச் சுவடியைப் பூஜையில் வைத்து, வழிபட்டு, ஏடுகளுக்கு நடுவே கயிற்றைச் செலுத்துவார்கள். அந்த இடத்தில் வருகிற பாடலையே இறைவன் சொன்ன விடையாக ஏற்றுக்கொள்வார்கள். அச்சுப் புத்தகம் வந்த பிறகும் பல சைவக் குடும்பங்களில் இந்த வழக்கம் தொடர்கிறது.

நீர்: எதிரேறிய ஏடு

அனல் வாதத்துக்குப் பிறகு புனல் வாதம். 'ஏட்டை வைகையில் விடுவோம். எது வெள்ளத்தை எதிர்த்துச் செல்கிறதோ, அதுவே மெய்!'

சம்பந்தப் பெருமான் திருப்பாசுரம் பாடி, அதை ஏட்டில் எழுதச் செய்து வைகையில் விடப் பணித்தார். மற்ற ஏடு வெள்ளத்தோடு போய்விட்டது. பாசுர ஏடு மட்டும் நீரைக் கிழித்துக்கொண்டு மேற்கு நோக்கி ஏறியது. குலச்சிறையார் குதிரையில் ஏறிக் கரையோடு தொடர்ந்து ஓடினார். பெருமான் மீண்டும் ஒரு பதிகம் பாட, ஏடு ஓரிடத்தில் கரை ஒதுங்கி நின்றது. அந்த இடமே திருவேடகம். திரு, ஏடு, அகம் ஆகிய மூன்று சொற்கள் சேர்ந்த பெயர். ஏட்டின் பெயரையே தன் பெயராகக் கொண்ட தலம்!

சோழவந்தானுக்கு அருகில், வைகைக் கரையில் இருக்கிறது இந்தக் கோயில். சுவாமிக்கு ஏடகநாதர் என்றே திருநாமம். அம்பாள் ஏலவார்குழலி. ஏடு எதிரேறிய வைபவம் இங்கே திருவிழாவாகக் கொண்டாடப்படுகிறது.

திருப்பாசுரத்தில் பெருமான் வேந்தனையும் வாழ்த்தியிருந்தார். அந்த வாழ்த்தின் பலனாகக் கூன் பாண்டியரின் கூனும் நிமிர்ந்தது. 'நின்றசீர் நெடுமாறர்' ஆனார் என்கிறது பெரிய புராணம்.

மண்: பூமிக்குள் மணந்த தமிழ்

ஞானசம்பந்தர் திருவாவடுதுறைக்கு எழுந்தருளினார். கோயிலை வலம் வரும்போது பலிபீடத்துக்கு அருகில் திடுமென நின்றார். 'இங்கே தமிழ் மணக்கிறது!' என்றார். அந்த இடத்தை அகழ்ந்து பார்த்தார்கள். உள்ளே ஓர் ஓலைச்சுவடிக் கட்டு. அதுதான் திருமூலரின் திருமந்திரம் என்பது ஐதீகம்.

மூவாயிரம் தமிழ் என்று போற்றப்படும் அந்த நூலில் யோகம் இருக்கிறது, மந்திரம் இருக்கிறது, சக்கரங்களில் எழுத்துகளை எப்படி அடைக்க வேண்டும் என்ற ரகசியம் இருக்கிறது. நாலாம் தந்திரம் முழுக்கவே மந்திர, சக்கர முறைகள்தான். தகுதி இல்லாதவர் கையில் கிடைத்துவிடக் கூடாது. தகுதி உள்ளவர் வரும்வரை அழிந்துவிடவும் கூடாது. அதற்காகப் பூமியிடமே ஒப்படைத்தார்கள் என்று பெரியோர் விளக்கம் சொல்வார்கள்.

சீர்காழியில் செப்பேடுகளைப் புதைத்தவர்களும் இதே வழியைத்தான் பின்பற்றியிருக்கிறார்கள். பதிகங்களைச் செம்பில் எழுதும் வழக்கம் சோழர் காலத்திலேயே உண்டு. முதலாம் குலோத்துங்க சோழர், விக்கிரம சோழர் காலங்களில் படைத்தலைவராக இருந்த நரலோக வீரர், மூவர் தேவாரத்தையும் செப்பேட்டில் எழுதித் தில்லையில் வைத்தார். இதைச் சிதம்பரம் கோயில் கல்வெட்டுப் பாடல் ஒன்று சொல்கிறது. ஓலையைக் கரையான் அரிக்கும். செம்பை அரிக்க முடியாதே!

கல்லும் தன் பங்குக்குக் காத்தது. கொரடாச்சேரிக்கு அருகில் உள்ள திருவிடைவாய்த் தலத்தின் மீது சம்பந்தர் பாடிய பதிகம் எந்தச் சுவடியிலும் இல்லாமல் போயிருந்தது. இருபதாம் நூற்றாண்டின் தொடக்கத்தில் அந்த ஊர்க் கோயில் கல்வெட்டைப் படித்தபோதுதான் பதிகம் கிடைத்தது. ஓலை கைவிட்டதைச் சுவர் தந்தது!

ஆகாயம்: தில்லையில் பூட்டிய அறை

ஆகாயத் தலம் எது என்று குழந்தையைக் கேட்டாலும் சொல்லும், சிதம்பரம். அங்கேதான் திருமுறை வரலாற்றின் மிகப் பெரிய ரகசியம் பூட்டிக் கிடந்தது.

உமாபதி சிவாசாரியார் அருளிய 'திருமுறை கண்ட புராணம்' இந்த வரலாற்றைச் சொல்கிறது. அபயகுலசேகரர் என்ற சோழ மன்னருக்கு அடியார்கள் அங்கொன்றும் இங்கொன்றுமாகப் பாடிய தேவாரத்தைக் கேட்டு உள்ளம் உருகியது. முழுவதையும் கேட்க ஆசைப்பட்டார். எங்கு தேடியும் ஏடுகள் கிடைக்கவில்லை. இந்த மன்னர் முதலாம் இராஜராஜ சோழரே என்பது வழக்கு. 985 முதல் 1014 வரை ஆண்ட அவரைத் 'திருமுறை கண்ட சோழர்' என்றே சைவ உலகம் கொண்டாடுகிறது.

அப்போது மன்னரின் காதில் ஒரு செய்தி விழுந்தது. திருநாரையூரில் ஒரு சிறுவன் கொடுக்கும் நிவேதனத்தைப் பொல்லாப் பிள்ளையார் உண்மையிலேயே உண்கிறாராம்! 'பொல்லா' என்றால் உளியால் பொள்ளாத, அதாவது தானே தோன்றிய திருமேனி என்று பொருள். சிறுவனின் பெயர் நம்பியாண்டார் நம்பி. மன்னர் வாழைப்பழம், தேன், அவல், பொரி என்று குவித்துக்கொண்டு திருநாரையூருக்குச் சென்றார். பிள்ளையார் ஏற்றுக்கொண்டார். நம்பி மூலமாக ரகசியத்தையும் வெளியிட்டார். 'தில்லையில், கூத்தப் பெருமான் ஆடும் அம்பலத்துக்கு மேற்புறத்து அறையில் ஏடுகள் இருக்கின்றன. அறையின் கதவில் மூவரின் கை அடையாளம் இருக்கிறது.'

மன்னரும் நம்பியும் தில்லைக்கு ஓடினார்கள். அங்கே தில்லைவாழ் அந்தணர்கள் சொன்ன பதில் என்ன? 'அடையாளம் இட்டவர்கள் மூவர். அந்த மூவரும் வந்தால்தான் கதவு திறக்கும்!'

இதை வெறும் பிடிவாதம் என்று நினைத்துவிடக் கூடாது. அது ஒப்படைக்கப்பட்ட பொருள். ஒப்படைத்தவர் வந்து கேட்காமல் அரசனே கேட்டாலும் கொடுக்க முடியாது என்பது காப்பாளரின் தர்மம். சோழப் பேரரசின் சக்கரவர்த்தி முன்னால் நிற்கிறார். அவர் முகத்துக்கு நேரே இதைச் சொல்ல எத்தனை துணிச்சல் வேண்டும்!

மன்னரும் கோபிக்கவில்லை. மூவரின் திருவுருவங்களை அலங்கரித்து, வீதியுலாவாக அழைத்து வந்து அறையின் முன் நிறுத்தினார். 'இதோ, மூவரும் வந்துவிட்டார்கள்' என்றார். இறைவனின் திருமேனி இறைவனே என்றால், அடியாரின் திருமேனி அடியாரே அல்லவா! அந்தணர்கள் ஏற்றார்கள். கதவு திறந்தது.

உள்ளே... ஏடுகளை மூடிப் புற்று வளர்ந்திருந்தது!

எண்ணெய் ஊற்றிப் புற்றைக் கரைத்து ஏடுகளை எடுத்தார்கள். பெரும்பகுதி செல்லரித்துப் போயிருந்தது. சம்பந்தர் பாடிய பதிகங்கள் 16,000, அப்பர் பாடியவை 49,000, சுந்தரர் பாடியவை 38,000 என்று புராணம் கணக்குச் சொல்கிறது. கூட்டினால் 1,03,000. மிஞ்சியவை ஏறத்தாழ 800. நூற்றில் ஒன்று கூட இல்லை! மன்னர் தரையில் விழுந்து அழுதார். அப்போது, 'இந்தக் காலத்துக்கு வேண்டியதை மட்டும் வைத்துவிட்டு, மற்றதை மண் மூடும்படி செய்தோம். கலங்காதே' என்று அசரீரி எழுந்தது.

கிடைத்தவற்றை நம்பியாண்டார் நம்பி ஏழு திருமுறைகளாக வகுத்தார். சம்பந்தர் பாடியவை முதல் மூன்று, அப்பர் பாடியவை அடுத்த மூன்று, சுந்தரர் பாடியது ஏழாவது. பின்னர் மற்ற அருளாளர்களின் நூல்களும், முடிவில் சேக்கிழாரின் பெரிய புராணமும் சேர்ந்து பன்னிரண்டாயின.

காற்று: ஏடு இழந்ததைக் குரல் காத்தது

ஏடு கிடைத்துவிட்டது. ஆனால் அதை எப்படிப் பாடுவது? பண் தெரியவில்லை! மறுபடியும் இறைவனிடம் முறையிட்டார்கள். 'திருஎருக்கத்தம்புலியூருக்குப் போங்கள்' என்று உத்தரவானது. சம்பந்தரோடு ஊர் ஊராகச் சென்று யாழ் வாசித்த திருநீலகண்ட யாழ்ப்பாணர் பிறந்த ஊர் அது. அவர் மரபில் வந்த ஒரு பெண்மணி அங்கே இருந்தார். பண்களை அவர் மறக்கவில்லை. அவரைத் தில்லைக்கு அழைத்து வந்து, கூத்தப் பெருமான் சந்நிதியில் பதிகங்களுக்குப் பண் வகுத்தார்கள்.

கவனித்தீர்களா? பூட்டிய அறையில் ஏடு செல்லரித்துக்கொண்டிருந்த அதே காலத்தில், எங்கோ ஒரு சிற்றூரில், ஒரு குடும்பத்தில் தலைமுறை தலைமுறையாகப் பாட்டியிடமிருந்து பேத்திக்கு இசை போய்ச் சேர்ந்துகொண்டிருந்தது. அந்த வீட்டுக்குப் பூட்டும் இல்லை, முத்திரையும் இல்லை.

இதற்குக் கல்வெட்டுச் சான்றும் உண்டு. வேலூர் பகுதியில் உள்ள திருவல்லம் கோயிலில் ஒன்பதாம் நூற்றாண்டுப் பல்லவர் காலக் கல்வெட்டு, திருப்பதியம் பாடுவோரைக் குறிப்பிடுகிறது. இராஜராஜருக்கு முன்பே கோயில்களில் பதிகம் ஒலித்துக்கொண்டுதான் இருந்தது. அந்தக் குரல் அவருடைய காதில் விழுந்ததால்தானே ஏட்டைத் தேடும் ஆசையே பிறந்தது!

கிடைத்த பொருளை இராஜராஜர் மறுபடியும் பூட்டி வைக்கவில்லை. தஞ்சைப் பெரிய கோயிலில் திருப்பதியம் பாட 48 பேரை நியமித்தார். உடுக்கை வாசிக்க ஒருவர், கொட்டி மத்தளம் வாசிக்க ஒருவர். ஆக 50 பேர். ஒவ்வொருவருக்கும் நாள்தோறும் முக்குறுணி நெல். அந்தக் கல்வெட்டில் ஒரு நிபந்தனையும் இருக்கிறது. பாடுபவர் இறந்துவிட்டாலோ, வேறு ஊர் போய்விட்டாலோ அவருக்கு நெருங்கிய உறவினர் அந்த இடத்தில் பாட வேண்டும். உறவினருக்குத் தகுதி இல்லை என்றால், தகுதியான வேறொருவரை நியமிக்க வேண்டும். எக்காரணம் கொண்டும் குரல் நிற்கக் கூடாது!

வேதத்துக்கு 'எழுதாக் கிளவி' என்று பெயர். எழுதாமல், குரு சொல்ல சீடன் கேட்டே வந்தது. ஒரு சொல்லும் பிசகாமல் இருக்கப் பதம், கிரமம், ஜடை, கனம் என்று சொற்களை முன்னும் பின்னுமாக மாற்றிச் சொல்லும் முறைகளை வைத்தார்கள். தேவாரத்திலும் ஒரு பாதுகாப்பு இருக்கிறது. சம்பந்தர் பதிகங்கள் பெரும்பாலானவற்றில் எட்டாம் பாட்டில் இராவணன் வருவான். ஒன்பதாம் பாட்டில் திருமாலும் பிரம்மனும் அடிமுடி தேடுவார்கள். பத்தாவது, பிற சமயத்தாரைப் பற்றியது. கடைசிப் பாட்டில் பெருமான் தம் பெயரையும், பாடுவோர் பெறும் பலனையும் சொல்வார். அதைத் 'திருக்கடைக்காப்பு' என்பார்கள். நடுவே ஒரு பாட்டு விழுந்துவிட்டால் பாடுகிறவருக்கே தெரிந்துவிடும். வேறொருவர் பாட்டை நுழைத்தாலும் ஒட்டாது.

திருமறைக்காட்டு வரலாறும் இங்கே நினைவுக்கு வருகிறது. வேதங்கள் வழிபட்டு அடைத்துவிட்டுப் போன கதவு அது. ஊரார் பக்கவாசல் வழியாகவே போய் வந்தார்கள். அப்பர் பெருமான் பதிகம் பாடினார், கதவு திறந்தது. சம்பந்தர் பாடினார், மூடிக்கொண்டது. அன்று முதல் நாள்தோறும் திறக்கவும் மூடவும் வழி பிறந்தது. பூட்டை உண்டாக்கியது மறை. அதற்குச் சாவியானது பாட்டு!

நாமே இட்ட தீ, நாமே விட்ட ஆறு

இத்தனையும் கடந்து வந்த ஏட்டுக்குப் பிற்காலத்தில் என்ன நேர்ந்தது? சொல்லவே மனம் கூசுகிறது.

தமிழ்த் தாத்தா உ.வே.சாமிநாதையர் தம்முடைய 'என் சரித்திரம்' நூலில் ஒரு நிகழ்ச்சியை எழுதியிருக்கிறார். ஏடு தேடிக் கரிவலம்வந்தநல்லூர் கோயிலுக்குச் சென்றார். வரகுணராம பாண்டியரின் ஏடுகள் அங்கே இருப்பதாகக் கேள்விப்பட்டிருந்தார். விசாரித்தபோது கிடைத்த பதில் இது: பழைய ஏடுகள் குப்பையாகக் கிடந்தன. ஆகமத்தில் சொல்லியிருக்கிறபடி அவற்றை நெய்யில் தோய்த்து ஹோமம் செய்துவிட்டார்கள்! ஐயர் துடித்துப் போனார்.

ஆடிப் பதினெட்டாம் பெருக்கன்று பழைய சுவடிகளை மஞ்சள் குங்குமம் வைத்து ஆற்றில் விடும் வழக்கமும் பல ஊர்களில் இருந்தது. செய்தவர்கள் கெட்டவர்கள் அல்ல. பக்தியோடுதான் செய்தார்கள். சிதைந்த ஏட்டைக் காலில் மிதிபட விடக் கூடாது என்ற நல்ல எண்ணம். பழைய ஏட்டைப் பார்த்துப் புது ஏட்டில் பிரதி எழுதிக்கொண்டு, பிறகு பழையதை நீரில் விடுவது ஆதிகால முறை. ஓர் ஓலையின் ஆயுள் சுமார் இருநூறு, முந்நூறு வருடங்கள்தானே? காலப்போக்கில் பிரதி எழுதுவது நின்றுபோனது. ஆற்றில் விடுவது மட்டும் மிஞ்சியது!

யோசித்துப் பாருங்கள். அனல் வாதத்தில் தீ தொடாத ஏட்டை நாமே தீயில் இட்டோம். புனல் வாதத்தில் வெள்ளத்தை வென்ற ஏட்டை நாமே ஆற்றில் விட்டோம். அன்று ஏடு பிழைத்ததற்குக் காரணம் பனையோலையின் வலிமையா? இல்லை. அதைப் பாடிய ஒருவர் கரையில் நின்றுகொண்டிருந்தார். பாடுவோர் இல்லாத ஏட்டை ஆறு அடித்துக்கொண்டுதான் போகும்.

ரகசியமாகக் காப்பது ஒரு கைங்கரியம். அதில் சந்தேகம் இல்லை. மண்ணில் மறைத்தவர்கள் இல்லை என்றால் சீர்காழிச் செப்பேடு ஏது? கதவைப் பூட்டியவர்கள் இல்லை என்றால் அந்த எண்ணூறு பதிகமாவது ஏது? ஆனால் மறைத்தவரின் வேலை பாதிதான். எடுத்துப் பாடுகிறவர் வந்தால்தான் அது முழுமை அடையும். அந்த மீதிப் பாதி நம்முடையது!

நாம் என்ன செய்யலாம்?

ஒன்று: உங்கள் வீட்டுப் பரணிலோ, பூஜை அறையிலோ தாத்தா காலத்து ஓலைச்சுவடி இருக்கிறதா? ஆற்றில் விடாதீர்கள். ஒட்டிக்கொண்ட ஓலைகளை இழுத்துப் பிரிக்க வேண்டாம். தண்ணீர் படக் கூடாது. தேங்காய் எண்ணெய், மண்ணெண்ணெய் எதையும் தடவ வேண்டாம். பிளாஸ்டிக் பையில் கட்டாமல், சுத்தமான பருத்தித் துணியில் சுற்றி வையுங்கள். பக்கத்தில் வசம்புத் துண்டு போட்டால் பூச்சி அண்டாது. தஞ்சை சரஸ்வதி மகால் நூலகம், தஞ்சைத் தமிழ்ப் பல்கலைக்கழகம், சென்னையில் உள்ள அரசினர் கீழ்த்திசைச் சுவடிகள் நூலகம், உ.வே.சா. நூலகம் ஆகிய இடங்களில் சுவடி படிக்கத் தெரிந்தவர்கள் இருக்கிறார்கள். அவர்களிடம் காட்டுங்கள். படம் எடுத்து வைத்துவிட்டால் ஓலை அழிந்தாலும் எழுத்து அழியாது. புதுச்சேரியில் பாதுகாக்கப்படும் சைவச் சுவடிகளை உலக நினைவுப் பதிவேட்டில் யுனெஸ்கோ 2005-ல் சேர்த்தது. உங்கள் வீட்டு ஓலையிலும் அப்படி ஒரு பொக்கிஷம் இருக்கலாமே!

இரண்டு: தினமும் ஒரு பதிகம். பதினோரு பாட்டுப் பாடப் பதினைந்து நிமிடம் போதும். தொடக்கத்திலும் முடிவிலும் 'திருச்சிற்றம்பலம்' சொல்லுங்கள். 'எண்ணூறு பதிகம் எங்கே, நாங்கள் எங்கே?' என்று மலைப்பவர்களுக்கும் வழி இருக்கிறது. சிவாலய முனிவர் என்ற அடியார் தினமும் தேவாரம் முழுவதையும் ஓத ஆசைப்பட்டார், முடியவில்லை. பொதிகை மலையில் அகத்தியரை வேண்டினார். அகத்தியர் 25 பதிகங்களைத் தேர்ந்தெடுத்து, 'இவற்றை ஓதினால் முழுவதும் ஓதிய பலன்' என்று அருளினார். அதுவே 'அகத்தியர் தேவாரத் திரட்டு'. அதையும் தொடங்கத் தயக்கமா? உங்கள் ஊருக்கு அருகில் உள்ள பாடல் பெற்ற தலத்தின் பதிகம் ஒன்றை மனப்பாடம் செய்யுங்கள். கிரகக் கவலை என்றால் கோளறு பதிகம். காய்ச்சலில் படுத்திருக்கும் குழந்தைக்கு மருந்து கொடுத்துவிட்டு, தலைமாட்டில் உட்கார்ந்து திருநீற்றுப் பதிகம் பாடுங்கள்.

மூன்று: கோயிலுக்குப் போகும்போது ஓதுவார் பாடுகிறாரா என்று பாருங்கள். பாடினால், தீபாராதனை முடிந்ததும் நகர்ந்துவிடாமல் இரண்டு நிமிடம் நின்று கேளுங்கள். முக்குறுணி நெல் பெற்ற அந்த 48 பேரின் வாரிசு அவர். கேட்க ஆள் இருந்தால்தான் பாடவும் ஆள் இருப்பார்கள்.

நான்கு: வீட்டில் சின்னப் பிள்ளைகள் இருந்தால், வாரத்துக்கு ஒரு பாட்டாவது சொல்லிக் கொடுங்கள். அர்த்தம் பிறகு புரியட்டும். திருஎருக்கத்தம்புலியூர்ப் பெண்மணியும் இப்படித்தான் சிறு வயதில், அர்த்தம் தெரியாமலே, அம்மாவின் மடியில் கேட்டிருப்பார்.

சீர்காழியில் மண்ணுக்குள் செப்பேட்டை வைத்துவிட்டுப் போன அந்தப் பெயர் தெரியாத அன்பர்கள், 'என்றைக்காவது ஒருநாள் இதை எடுத்துப் பாட ஒருவர் வருவார்' என்று நம்பித்தான் மண்ணை மூடியிருப்பார்கள். அவர்கள் நம்பிக்கை வைத்தது நம் மீது. இன்று மாலை விளக்கேற்றியதும் ஒரு பதிகம் பாடுங்கள். அவர்களுக்கு நாம் செலுத்தும் நன்றி அதுதான்.

திருச்சிற்றம்பலம்!